பாலசந்தர், வீணை எஸ். (1927–1990)

கருநாடக இசை வீணைக் கலைஞர். தமிழ்த் திரைப்பட நடிகர், இயக்குநர், இசையமைப்பாளர், தயாரிப்பாளர். 1927 ஜனவரி 18 அன்று சென்னை மயிலாப்பூரில் பிறந்தார். ஏழு வயதில் திரையில் குழந்தை நடிகராக அறிமுகமாகி, முப்பது ஆண்டுகளுக்கும் மேலாகத் திரைத்துறையில் பணியாற்றி, பின்னர் அதைக் கைவிட்டு வீணைக் கச்சேரி ஒன்றையே தொழிலாகக் கொண்டவர். 1982-இல் பத்மபூஷண் விருது பெற்றார். 1990 ஏப்ரலில் பிலாயில் காலமானார். இயக்குநர் கே. பாலசந்தர் (1930–2014) வேறு. பெயர் ஒற்றுமையால் இருவருடைய படங்களும் பட்டியல்களில் கலந்துவிடுவது உண்டு.

குடும்பம்

தந்தை சுந்தரம் ஐயர் வழக்கறிஞர். மயிலாப்பூர் நடுத் தெருவில் இருந்த அவர்களது வீடு பாடகர்களும் வித்வான்களும் வந்து தங்கிப் போகும் இடமாக இருந்தது. 1930-களின் தொடக்கத்தில் சென்னைக்கு வந்த பாபநாசம் சிவன் (1890–1973) இந்த வீட்டுக்கு நெருக்கமானார். பிள்ளைகளுக்குப் பாட்டும் சொல்லிக்கொடுத்தார். மூத்த மகன் எஸ். ராஜம் (1919–2010) பிற்காலத்தில் பாடகராகவும் ஓவியராகவும் புகழ்பெற்றார். தியாகராஜர், முத்துசுவாமி தீட்சிதர், சியாமா சாஸ்திரி மூவரையும் இன்று நாம் எந்த முகத்தோடு நினைக்கிறோமோ, அந்த முகம் பெரும்பாலும் ராஜம் வரைந்தது. சகோதரி எஸ். ஜெயலட்சுமியும் நன்றாகப் பாடுவார். இப்படிப்பட்ட வீட்டின் கடைக்குட்டிகளில் ஒருவருக்கு இசை தனியாகக் கற்றுக்கொள்ள வேண்டிய பாடமாக இல்லை. பேச்சு வருவதுபோல் அதுவும் வந்தது. பாலசந்தர் எந்தக் கருவிக்கும் குருவிடம் முறையாகப் பயிலவில்லை.

முதலில் கைக்கு வந்தது கஞ்சிரா. மாமூண்டியா பிள்ளையால் கச்சேரி மேடைக்கு வந்து, அவருடைய மாணவர் புதுக்கோட்டை தட்சிணாமூர்த்தி பிள்ளையால் (1875–1936) பெருமை பெற்ற கருவி அது. உடும்புத் தோல் போர்த்திய ஒற்றை முகம், சட்டத்தில் ஒரு பிளவில் சலங்கைத் தகடுகள், அவ்வளவுதான். வாசிப்பதற்கு முன் தோலின் உட்புறத்தில் நீர் தடவிப் பதப்படுத்துவார்கள். வலக்கை அடிக்கும்போதே, சட்டத்தைப் பிடித்திருக்கும் இடக்கை விரல்கள் தோலை அழுத்த, ஒலி இறங்கிக் குழைந்து வளையும். வலக்கை ஒலியை எழுப்ப இடக்கை அதை வளைக்கும் இந்தப் பங்கீடு வீணையிலும் அப்படியே உண்டு. பாலசந்தரின் பிற்கால வாசிப்பைக் கேட்பவர் இதை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது. தந்தியை அவர் இழுத்த விதத்துக்கான பழக்கம் ஐந்தாறு வயதிலேயே கையில் ஏறிவிட்டது.

கஞ்சிராவைத் தொடர்ந்து மிருதங்கம், தபேலா, ஆர்மோனியம், புல்புல்தாரா, தில்ரூபா, சித்தார் என ஒவ்வொன்றாகத் தானாகவே கற்றார். சிறுவயதில் சதுரங்க ஆட்டத்திலும் பெரியவர்களை வியக்க வைத்தார்.

பேசும்படக் காலமும் 'சீதா கல்யாண'மும்

தமிழில் பேசிய முதல் படமான 'காளிதாஸ்' 1931-இல் வெளிவந்தபோது சென்னையில் ஒலிப்பதிவு வசதியுள்ள படப்பிடிப்பு நிலையம் ஒன்றுகூட இல்லை. 1934-இல் ஏ. நாராயணன் சீனிவாசா சினிடோனைத் தொடங்கும்வரை, தமிழ்ப் படம் எடுக்க விரும்பியவர்கள் நடிகர்களையும் பக்கவாத்தியக்காரர்களையும் ரயிலேற்றி பம்பாய்க்கோ கல்கத்தாவுக்கோ மராட்டியப் பகுதிக்கோ கொண்டுபோனார்கள். அங்கிருந்த இயக்குநர்களில் பலருக்குத் தமிழ் தெரியாது. பேச்சும் பாட்டும் படப்பிடிப்பின்போதே பதிவாயின. பின்னணி பாடும் முறை தமிழுக்கு வர 1938-இல் ஏவி. மெய்யப்பனின் 'நந்தகுமார்' வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

ஆகவே பாடத் தெரியாதவர் நடிக்க முடியாது. அன்றைய படங்களுக்குக் குழந்தைகள் இரண்டு இடங்களிலிருந்து கிடைத்தார்கள். ஒன்று, நவாப் ராஜமாணிக்கம் பிள்ளை கம்பெனி போன்ற பாய்ஸ் கம்பெனிகள். இங்கு சிறுவர்கள் பாட்டு, வசனம், ஆட்டம் எல்லாவற்றிலும் கடுமையான பயிற்சி பெற்றார்கள். மற்றொன்று, இசை அறிந்த நடுத்தர வர்க்கக் குடும்பங்கள். நாடகத்தையும் சினிமாவையும் மதிக்காத காலத்தில் இரண்டாம் வகையினர் வெகு சிலரே; அந்தச் சிலரில் சுந்தரம் ஐயர் குடும்பம் முதன்மையானது. குழந்தை நட்சத்திரங்கள் வளர்ந்தபின் சென்ற வழிகளும் பலவாறாகப் பிரிந்தன. 'நந்தகுமார்' படத்தில் சிறுவனாக நடித்த டி. ஆர். மகாலிங்கம் கதாநாயகனாகத் திரையிலேயே நிலைத்தார். குமாரி கமலா நாட்டியத்துக்குப் போனார். செவ்வியல் இசைக்கருவி ஒன்றைக் கையில் எடுத்து அதன் வாசிப்பு முறையையே மாற்றியவர் என்று சொல்ல பாலசந்தர் ஒருவரே இருக்கிறார்.

பிரபாத் பிலிம் கம்பெனி தயாரித்து, பாபுராவ் பெந்தார்கர் இயக்கிய 'சீதா கல்யாணம்' 1934-இல் வெளிவந்தது. ராமனாக ராஜம், சீதையாக ஜெயலட்சுமி, ஜனகராகத் தந்தை சுந்தரம் ஐயர். ராவணனின் சபையில் கஞ்சிரா வாசிக்கும் சிறுவனாக பாலசந்தர். ஒரு குடும்பமே படமாக நடந்துபோனதுபோல் இருந்தது. உடன்பிறந்த இருவர் தெய்வத் தம்பதியாக நடித்தது அன்று முகச்சுளிப்பையும் உண்டாக்கியது. பாபநாசம் சிவன் பாட்டும் இசையும் தந்த முதல் படமும் இதுவே. தமிழ்த் திரையிசைக்கு அவர் அளித்த கொடை நடுத் தெரு வீட்டு நட்பில் தொடங்கியது எனலாம்.

படத்தின் ஒலிப்பதிவு முறை பாலசந்தருக்கு ஒரு பெரிய பாடமாக அமைந்தது என்று கொள்ள இடமிருக்கிறது. அன்றைய ஒலிவாங்கிகளின் திறன் குறைவு. முகத்தைத் திருப்பினால் குரல் விழுந்துவிடும். பக்கவாத்தியம் ஓரடி நெருங்கினால் பாட்டு மறைந்துவிடும். ஏழு வயதுப் பையன், தன் கையிலிருந்து எழும் ஒலி ஒன்று, கருவி வாங்கிக்கொள்ளும் ஒலி வேறொன்று என்பதை அரங்கில் நின்றே கண்டிருப்பான். வீணையைத் தொடுவதற்குப் பல ஆண்டுகள் முன்பே அவருக்கு ஒலிவாங்கி பழக்கமாகிவிட்டது. கச்சேரி மேடையிலும் திரையிலும் அவர் செய்த எல்லாவற்றுக்கும் அடியில் இந்தப் பழக்கம் ஓடுகிறது.

1941-இல் 'ரிஷ்யசிருங்கர்' படத்தில், ரஞ்சன் ஏற்ற பாத்திரத்தின் இளம்பருவத்தில் பாலசந்தர் தோன்றினார். வசுந்தரா தேவி நடித்த இப்படத்தோடு அவருடைய குழந்தை நடிகர் பருவம் முடிகிறது.

வானொலியும் வீணையும்

பதினைந்து வயதளவில் சென்னை வானொலி நிலையத்தில் கலைஞராகச் சேர்ந்தார். தொடக்கத்தில் சித்தாரில் கருநாடக ராகங்களை வாசித்துவந்தார். கருநாடக கமகங்களுக்குச் சித்தார் ஓரளவுக்கு மேல் இடம் தராது என்று கண்டதும் வீணைக்கு மாறினார். இதையும் தானாகவே கற்றார். வானொலியில் எந்நேரமும் கருவிகள் கையருகே இருந்தன. நாட்டின் தலைசிறந்த வித்வான்கள் நாள்தோறும் வந்து போனார்கள். கேட்ட காதுக்கு அதுவே குருகுலமாயிற்று.

வீணையின் அமைப்பு

சரஸ்வதி வீணை எனப்படும் தென்னிந்திய வீணை பலா மரத்தால் ஆனது. குடமும் தண்டியும் ஒரே மரத்தில் குடைந்தால் ஏகாண்ட வீணை. தனித்தனியே செய்து பொருத்தினால் ஒட்டு வீணை. தண்டியின் நுனி யாளி முகமாக வளையும். அதன் கீழ் சுரைக்காய் தாங்கும். வாசிப்புத் தந்தி நான்கு, தாளத்துக்கும் சுருதிக்குமாகப் பக்கத் தந்தி மூன்று. தந்திகளைப் பிரடைகளால் முறுக்கிச் சுருதி சேர்ப்பார்கள். தண்டியின் மேல் மெழுகுக் கட்டில் பதித்த 24 வெண்கல மெட்டுகள், இரண்டு ஸ்தாயிகளை நிறைக்கின்றன. மெழுகில் மெட்டு வைப்பது பெரும் நுட்பம். வெயிலில் மெழுகு இளகினால் சுருதி கெடும், பிறகு 'மேளம் கட்டி' மீண்டும் நிறுத்த வேண்டும்.

வீணை வாசிப்பைப் பாணிகளாகப் பகுப்பது வழக்கம். தஞ்சாவூர்ப் பாணி வாய்ப்பாட்டை ஒட்டி, தந்தி இழுப்புக்கும் கமகத்துக்கும் முதலிடம் தருவது. மைசூர்ப் பாணியில் மீட்டுகள் தனித்தனியாகத் தெளிந்து விழும், வீ. துரைசாமி ஐயங்கார் இதற்குச் சான்று. ஆந்திரப் பாணி வேகத்துக்கும் விரல் வித்தைக்கும் பெயர் பெற்றது; ஈமனி சங்கர சாஸ்திரியும் அவருடைய மாணவர் சிட்டிபாபுவும் இதைச் சேர்ந்தவர்கள். தஞ்சாவூர்ப் பாணிக்குள்ளேயே இரண்டு பெரிய ஊற்றுகள் உண்டு. வீணை தனம்மாள் (1867–1938) வீட்டு வெள்ளிக்கிழமைக் கச்சேரிகளில், மிருதங்கம் இல்லாமல், அறைக்குள் இருப்போர் மூச்சடக்கிக் கேட்கும் மெல்லிய நாதத்தில் வாசித்தார். காரைக்குடிச் சகோதரர்கள் சுப்பராம ஐயரும் சாம்பசிவ ஐயரும் மிருதங்கத்தோடு, கம்பீரமாக, தானத்தில் வெள்ளமெனப் பெருகி வாசித்தார்கள். அண்ணன் சுப்பராமர் வீணையைச் செங்குத்தாக நிறுத்தி வாசிப்பார்.

பாலசந்தரை இந்தப் பாணிகளில் எதிலும் அடக்க முடியாது. பரம்பரை இல்லாததால் பாணியும் இல்லை என்பார் உண்டு, அது சரியன்று. குரலை ஒட்டி வாசிக்க வேண்டும் என்ற நோக்கத்தில் அவர் தஞ்சாவூருக்கு உறவினர். ஆனால் நோக்கத்தை அடைந்த வழி அவருக்கே உரியது. மற்றவர்கள் ஒரு சொற்கட்டுக்குப் பல முறை மீட்டும் இடத்தில், அவர் ஒரே முறை மீட்டி, மெட்டில் அழுத்திய தந்தியைப் பக்கவாட்டில் இழுத்தே அடுத்தடுத்த பல சுரங்களை எடுத்தார். தந்தி அறுந்துவிடுமோ என்று கேட்பவர் அஞ்சும் அளவுக்கு இழுப்பு நீளும். ஆனால் வந்து சேரும் சுரம் இம்மி பிசகாது. ஒரு மீட்டு எழுப்பிய நாதம் கரைந்து மறைவதற்குள் அதைக் கொண்டே எவ்வளவு சொல்ல முடியும் என்பதுதான் அவர் தனக்கு வைத்துக்கொண்ட கேள்வி.

இதன் அருமை பியானோவோடு ஒப்பிட்டால் தெளிவாகும். பியானோவிலும் சுத்தியல் தந்தியை அடித்ததும் ஒலி எழுந்து, உடனே தேயத் தொடங்குகிறது. தேயும் ஒலியைப் பியானோ வாசிப்பவர் நீட்டவோ அடக்கவோ முடியும், வளைக்க முடியாது. மேலை இசை அந்தக் குறையை ஒரே நேரத்தில் பல சுரங்களை ஒலிக்கச் செய்து ஈடுகட்டியது. வீணையில் ஒலி தேய்ந்துகொண்டிருக்கும்போதே இடக்கை அதை மேலும் கீழும் கொண்டுசெல்லலாம். பாலசந்தர் இந்த ஒரு வாய்ப்பை அதன் எல்லைவரை கொண்டுபோனார். ஆலாபனையும் தானமும் அவருடைய கச்சேரிகளில் கீர்த்தனைகளைவிட அதிக இடம் பிடித்தது இதனால்தான்.

தேய்ந்துபோகும் நாதத்தின் கடைசி இழையையும் கேட்கவைக்க ஒலிபெருக்கி தேவை. தனம்மாளின் அறையில் இருபது பேர் கேட்டதை இரண்டாயிரம் பேர் கேட்க வேண்டுமானால், ஒலிவாங்கியை எங்கே வைப்பது, எவ்வளவு உயர்த்துவது என்பதும் வாசிப்பின் பகுதியாகிவிடுகிறது. ஒலி அமைப்பில் பாலசந்தர் காட்டிய கறார் சபாக்காரர்களுக்குத் தொல்லையாக இருந்திருக்கலாம். ஆனால் படப்பிடிப்பு அரங்கிலும் வானொலி நிலையத்திலும் வளர்ந்தவருக்கு அது கலையின் உள்விவகாரம். வீணையின் மென்மையை ஒலிபெருக்கி கெடுத்துவிட்டது என்ற குறையை அவருடைய பதிவுகளே மறுக்கின்றன.

திரைப்படப் பணி

'இது நிஜமா' (1948) படத்தில் இரட்டை வேடத்தில் நடித்து இசையும் அமைத்தார். அதே ஆண்டில் வி. என். ஜானகி நடித்த 'என் கணவர்' படத்தை இயக்கினார். 'கைதி' (1951) படத்தையும் அவரே இயக்கி நடித்தார். ஜெமினி கணேசன், வைஜயந்திமாலா நடித்த 'பெண்' (1954) படத்தில் பாலசந்தருக்குக் குரல் கொடுத்துப் பாடியவர் ஜே. பி. சந்திரபாபு. தேர்ந்த இசைக்கலைஞர் ஒருவர் திரையில் இன்னொருவர் குரலுக்கு வாயசைத்தார் என்பது, பின்னணிப் பாடல் முறை பதினாறு ஆண்டுகளில் எவ்வளவு வேரூன்றிவிட்டது என்பதைக் காட்டுகிறது.

ஏவி.எம். தயாரிப்பில் அவர் இயக்கிய 'அந்த நாள்' 1954 ஏப்ரல் 13 அன்று வெளிவந்தது. பாட்டு, நடனம், சண்டை எதுவும் இல்லாத முதல் தமிழ்ப் படம். 1943-இல் சென்னையில் ஜப்பானியக் குண்டு விழுந்த காலம். துப்பாக்கிச் சத்தத்தோடு படம் தொடங்குகிறது. சிவாஜி கணேசன் ஏற்ற ராஜன் என்ற பாத்திரம் முதல் காட்சியிலேயே சுடப்பட்டு இறக்கிறது. மனைவி, தம்பி, தம்பி மனைவி, பக்கத்து வீட்டுக்காரர், காதலி என ஒவ்வொருவரும் தாம் அறிந்ததைச் சொல்ல, கொலைக்கான காரணம் அவிழ்கிறது. மனைவியாக பண்டரிபாய் நடித்தார், உரையாடல் எழுதி, துப்பறியும் அதிகாரியாகவும் வந்தவர் ஜாவர் சீதாராமன், ஒளிப்பதிவு எஸ். மாருதி ராவ். கதைசொல்லும் முறைக்கு அகிரா குரோசவாவின் 'ராஷோமோன்' (1950) தூண்டுதல். இயக்குநர் கொலையுண்டவனை வானொலிப் பொறியாளனாக வைத்தது தற்செயலாகத் தோன்றவில்லை. மலிவு விலை வானொலிப் பெட்டியைக் கண்டுபிடித்தும் யாரும் கைகொடுக்காததால் மனம் கசந்து நாட்டைக் காட்டிக்கொடுப்பவன் அவன். வானொலி நிலையத்தில் இளமையைக் கழித்த ஒருவரால்தான் அந்தப் பாத்திரத்துக்கு அவ்வளவு உயிர் கொடுக்க முடிந்தது. பாடல் இல்லை என்றதும் ரசிகர்கள் ஏமாந்தார்கள், வசூல் இல்லை. தேசிய விருதுகளில் தமிழின் இரண்டாவது சிறந்த படத்துக்கான தகுதிச் சான்றிதழ் கிடைத்தது. இன்று தமிழ்த் திரை வரலாற்றில் இந்தப் படத்துக்கு உள்ள இடத்தை யாரும் மறுப்பதில்லை.

தெலுங்கில் 'ஏது நிஜம்' (1956), தமிழில் 'அவன் அமரன்' (1958), 'அவனா இவன்' (1962) ஆகியவை தொடர்ந்தன. 'பொம்மை' (1964) வெடிகுண்டு மறைத்த பொம்மை ஒன்று கைமாறிக்கொண்டே போகும் கதை. படம் முடியும்போது பாலசந்தரே திரையில் தோன்றி, நடிகர்களை மட்டுமன்றி, தொழில்நுட்பக் கலைஞர்களையும் ஒவ்வொருவராக அறிமுகம் செய்துவைக்கிறார். கச்சேரி முடிவில் பக்கவாத்தியக்காரர்களைப் பெயர் சொல்லிப் பாராட்டும் மேடை மரபு திரைக்கு வந்த அழகான இடம் அது. கே. ஜே. ஏசுதாஸ் குரலைத் தமிழ் ரசிகர்கள் முதன்முதலில் கேட்டதும் இந்தப் படத்தில், பாலசந்தரின் இசையில்தான். 'நடு இரவில்' 1960-களின் நடுவில் எடுக்கப்பட்டு 1970-இல் வெளிவந்தது. அதோடு திரைப்படத்தை விட்டார்.

மேடை, பதிவுகள், விவாதங்கள்

1960-களிலிருந்து அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் கச்சேரிகள் செய்தார். அமெரிக்காவின் வேர்ல்ட் பசிபிக், நான்சச் நிறுவனங்கள் அவருடைய இசைத்தட்டுகளை வெளியிட்டன. மிருதங்கத்தில் உமையாள்புரம் சிவராமன் உடன் வாசித்த பதிவுகள் குறிப்பிடத்தக்கவை. 72 மேளகர்த்தா ராகங்களையும் வீணையில் வாசித்துத் தொகுப்பாகப் பதிவு செய்தது அவருடைய பெரும்பணி. இவற்றில் 40 ராகங்கள் விவாதி மேளங்கள். ஒவ்வாத சுரங்கள் அடுத்தடுத்து வருவதால் பாடகர்கள் நெடுங்காலம் ஒதுக்கியவை. அண்ணன் ராஜம், கோடீசுவர ஐயர் 72 மேளங்களிலும் இயற்றிய தமிழ்க் கீர்த்தனைகளைப் பாடிப் பரப்பினார். தம்பி அதே நிலத்தை வீணையில் உழுதார். ஒரே வீட்டில் பிறந்த இருவர் இந்த அரிய ராகங்களுக்கு மறுவாழ்வு தந்தது தமிழிசை வரலாற்றில் தனியே எழுதத்தக்க செய்தி.

1980-களில் அவர் பல விவாதங்களில் இறங்கினார். எம். பாலமுரளிகிருஷ்ணா புதிய ராகங்களைப் படைத்ததாகக் கூறப்பட்டதை இலக்கண அடிப்படையில் எதிர்த்தார். மூன்று, நான்கு சுரங்களைக் கொண்டு ராகம் அமையுமா என்பது அவர் எழுப்பிய நியாயமான கேள்வி. திருவிதாங்கூர் மன்னர் சுவாதித் திருநாள் (1813–1846) சாகித்யகர்த்தா அல்லர் என்று அவர் வாதிட்டது பெரும் புயலைக் கிளப்பியது. மன்னரின் கீர்த்தனைகளில் பலவற்றுக்கு இன்று வழங்கும் மெட்டை 20-ஆம் நூற்றாண்டில் முத்தையா பாகவதரும் செம்மங்குடி சீனிவாச ஐயரும் அமைத்தார்கள் என்பது உண்மை. ஆனால் அதிலிருந்து மன்னரே இயற்றவில்லை என்ற முடிவுக்குத் தாவுவதை இசை ஆய்வாளர்கள் ஏற்கவில்லை. வாதத்தில் பிடிவாதமாக இருந்தாலும், செவிவழிச் செய்தியை ஆதாரமாகக் கொள்ளும் இசையுலகில் ஆவணம் கேட்டவர் என்ற மதிப்பு அவருக்கு உண்டு.

1990-இல் கச்சேரிப் பயணத்தில் இருந்தபோது பிலாயில் மாரடைப்பால் காலமானார். அப்போது மத்தியப் பிரதேசத்திலும் இப்போது சத்தீஸ்கரிலும் உள்ள பிலாய், உருக்காலையைச் சுற்றி எழுந்த நகரியம். 1956-இல் நிறுவப்பட்ட பழுப்பு நிலக்கரி நிறுவனத்தைச் சுற்றி நெய்வேலி வளர்ந்ததுபோல, வேலைக்காகக் குடிபெயர்ந்தவர்களால் உருவான ஊர். சென்னை சபாக்களுக்கு வெளியே கருநாடக இசைக்குக் கேட்போரைத் தந்தவை இத்தகைய பொதுத்துறை நகரியங்கள். அவற்றின் இசை வரலாறு இன்னும் எழுதப்படவில்லை.

மாணவர்களில் ஜெயந்தி குமரேஷ் இன்று முன்னணி வீணைக் கலைஞர். பாலசந்தரைப் போல இளமையிலேயே இசைமேடையிலும் திரையிலும் தோன்றியவர்களில் அண்மைக்காலத்தில் சென்னையைச் சேர்ந்த லிடியன் நாதஸ்வரம் (பிறப்பு 2005) குறிப்பிடத்தக்கவர். 2019-இல் அமெரிக்கத் தொலைக்காட்சிப் போட்டியொன்றில் பியானோ வாசித்துப் பத்து லட்சம் டாலர் பரிசு வென்ற இவர், 2020-இல் 'அட்கன் சட்கன்' இந்திப் படத்தில் முதன்மைப் பாத்திரத்தில் நடித்தார்.